கையை விடாத கொடையாளர்

கொடையாளர்களில் ஒரு வகை உண்டு. கொடுப்பார், ஆனால் விடமாட்டார். சேலையோ, நோட்டுப் புத்தகமோ, வாழைப்பழமோ, பாதி அவர் கையில், பாதி வாங்குகிறவர் கையில். இருவர் முகமும் கேமரா பக்கம். படம் நன்றாக விழும்வரை பொருள் யாருடையது என்பது கடவுளுக்கே வெளிச்சம். சித்தூரிலும் இவரைப் பார்த்திருப்பீர்கள், திருப்பதியிலும் பார்த்திருப்பீர்கள்.

எங்கள் சத்தியவேட்டு எழிலரசன் இதில் அசல் சரக்கு. கல்யாண வீட்டில் மாப்பிள்ளையை நகர்த்திவிட்டு நடுவில் நிற்பார். துக்க வீட்டில் போட்ட மாலையை எடுத்து இன்னொரு முறை போடுவார், முதல் படம் ஆடிப்போய்விட்டதாம். இந்த வெயிலுக்குப் பஸ் நிலையத்தில் மோர்ப் பந்தல் திறந்தார். தமிழில் ஒரு ஃப்ளெக்ஸ், தெலுங்கில் ஒரு ஃப்ளெக்ஸ். இரண்டிலும் அவரே சிரித்தார். மோர் மட்டும் ஒரே பானை.

முதல் டம்ளர் செங்கம்மாவுக்கு. ஸ்ரீ சிட்டி தொழிற்பேட்டையில் ஷிப்ட் முடித்து, ஊத்துக்கோட்டை பஸ்ஸுக்காக வெயிலில் நின்றுகொண்டிருந்தவர். நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டிருந்தது.

“குடிக்காதக்கா, இங்க பாரு,” என்றார் எழிலரசன், டம்ளரை விடாமல்.

போனில் படமெடுத்த சந்துரு, “அண்ணா, ஃப்ளெக்ஸ்ல உன் பேரு வுழல,” என்றான். நகர்ந்து நின்றார்கள். அடுத்த படத்தில் செங்கம்மா கண்ணை மூடிவிட்டார். அதற்கடுத்ததில் எழிலரசனின் மோதிரம் மறைந்துபோனது.

“பஸ்சு வந்துகினு கீது நைனா. வுட்டீன்னா ஒரு முழுங்கு குடிச்சிட்டுப் பூடுவேன்.”

“ஒன்னே ஒன்னுக்கா. மூஞ்சியக் கொஞ்சம் சந்தோசமா வெச்சிக்க.”

குடித்தால்தானே ஐயா சந்தோஷம்? செங்கம்மா இழுத்தார், இவர் விடவில்லை. மோர் மொத்தமும் இவருடைய வெள்ளைச் சட்டையில் போய்ச் சேர்ந்தது. செங்கம்மா வறண்ட தொண்டையோடு ஓடிப்போய் நகர்ந்துவிட்ட பஸ்ஸில் தொற்றிக்கொண்டார்.

மாலையில் வாட்ஸ்அப்பில் படம் வந்தது. ‘தாகம் தீர்த்த தலைவர்.’ மோர் கொட்டுவதற்கு முன் எடுத்தது. கீழே வரிசையாகக் கும்பிட்ட கைகள். அதில் ஒன்று உங்களுடையதா என்று நான் கேட்கப்போவதில்லை.

ஆனால் போன பிறந்தநாளுக்கு ஆதரவற்றோர் இல்லத்துப் பிள்ளைகளுக்குப் பிரியாணிப் பொட்டலம் கொடுத்தீர்களே, அந்தப் படத்தை எடுங்கள். கொஞ்சம் பெரிதாக்குங்கள். அந்தப் பிள்ளை பொட்டலத்தைப் பார்க்கிறது. நீங்கள் எங்கே பார்க்கிறீர்கள்? கையை விட்டுவிட்டீர்களா?