மல்லன் காணி வராத நாள்

"இன்னைக்கு நாங்க வரல்ல மக்கா" என்று மல்லன் காணி செல்போனில் சொன்னபோது மணி ஒன்பதே கால். வெளிநாட்டுக் குழுவின் வேன் பத்து மணிக்கு வர வேண்டும்.

பூங்கா கைடு எபிசன் போனைக் காதோடு அழுத்திக்கொண்டான்.

"அண்ணே, விளையாடாதீங்க. இன்னைக்குத்தானே விசிட்டு!"

"விளையாட்டில்ல. மலையில எங்க குடியில கொடுதிப் பூசை. எட்டுப் பேரும் மேலேதான் நிக்கோம்."

"இங்கயும் பதினொரு மணிக்குக் கொடுதி இருக்கே. போர்டுல எழுதிப் போட்டிருக்கே!"

"அது டிக்கெட் எடுத்தவனுக்குச் செய்யது. இது சாமிக்குச் செய்யது. நீயே சொல்லு, எதுக்கு லீவு போட முடியும்?"

எபிசன் மறுபடி கூப்பிட்டான். மல்லன் காணிக்குச் சிக்னல் இல்லை.

குலசேகரத்தைத் தாண்டி, ரப்பர் தோட்டங்களுக்கு நடுவே இருந்தது அந்த மலைக்குடி வாழ்வியல் பூங்கா. நாலு குடிசை, ஒரு மருந்துக் குடில், ஒரு கொடுதி மேடை. காணிக்காரர் என்ற மலைக்குடியைச் சேர்ந்த மல்லன் காணியின் குடும்பம் காலையில் பைக்கில் வந்து இறங்கும். அம்பு விடும், கிழங்கு சுடும், தேன் எடுக்கும். ஐந்து மணிக்கு மறுபடி பைக்கில் ஏறிப் போகும். கூட நடந்து விளக்கம் சொல்லுகிற வேலை எபிசனுக்கு.

வெளிநாட்டுக் காட்டுக்குடிகளின் சங்கம் ஒன்று ஊர் ஊராகச் சென்று இப்படிப்பட்ட இடங்களைப் பார்த்து நற்சான்று கொடுத்து வந்தது. சான்று கிடைத்தால் பூங்கா நிலைக்கும். கிடைக்காவிட்டால் மாசக் கடைசியில் இடித்துவிட்டுக் கல்யாண மண்டபம் கட்டுவேன் என்று முதலாளி தாணுலிங்கம் சொல்லிவிட்டார். மண்டபத்துக்குக் கைடு எதற்கு? இந்த வேலையும் போனால் மஸ்கட்டுக்கே திரும்பிப் போங்க என்று மனைவி சுஜி சொல்லிவிட்டாள். பதினொரு வருடம் அங்கே இருந்துவிட்டு வந்தவனை மூன்று வயது மகள் 'அங்கிள்' என்றுதான் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள். 'அப்பா' என்று கூப்பிட ஆரம்பித்து இருபத்தி மூன்று நாள்தான் ஆகிறது. எபிசன் எண்ணி வைத்திருந்தான்.

முதலாளிக்குப் போன் போட்டான்.

"ஆளில்லன்னா ஆளை உண்டாக்குலே. நான் பன்னெண்டுக்கு வாறேன். சான்று கையில இருக்கணும்."

"வாறது எந்த நாட்டுக்காரங்க முதலாளி?"

"வெளிநாடு."

"வெளிநாடுன்னா?"

"லேய், பிளேன்ல வந்து இறங்குதான். அது போதாதா உனக்கு?"

பூங்காவில் மீதி இருந்தது இரண்டு பேர். காவலாளி சுயம்புராஜ், சமையற்கட்டில் சொர்ணம்மாள்.

"சுயம்பு, சட்டையைக் கழத்து. இன்னைக்கு நீதான் மல்லன் காணி."

சுயம்புராஜ் மேல் பொத்தானையும் சேர்த்துப் போட்டுக்கொண்டான். "எனக்கென்ன கிறுக்கா? நாளைக்கு அவரு இறங்கி வந்து கேட்டா நீ பதில் சொல்லுவியா? இன்னொருத்தன் குலத்தை எடுத்து நான் ஆட மாட்டேன்."

"சரி, வேஷம் வேண்டாம். உனக்குத் தெரிஞ்ச வேலையைச் செய். பேச்சை நான் பாத்துக்கிடுதேன்."

"எனக்குத் தெரிஞ்சது ரப்பர் வெட்டு ஒண்ணுதான்."

"அது போதும்."

சொர்ணம்மாள் கையை விரித்தாள். "மலைக்கிழங்கு, தேனு எல்லாம் மல்லன் பொஞ்சாதிதான் கொண்டாருவா. எங்கிட்ட இருக்கது மரச்சீனியும் காந்தாரி மிளகும். வீட்டுல தெனமும் திங்கதுல்லா அது!"

"தலைமுறையா தின்னா எல்லாம் ஆதிகுடிச் சாப்பாடுதான் அக்கா. அவிச்சு வையுங்க."

வேன் சொன்ன நேரத்துக்கு வந்தது. முதலில் இறங்கியவர் மொழிபெயர்க்க வந்த விக்டோரியா சிஸ்டர். முட்டத்துக்காரர், வெளிநாட்டு மடத்தில் பன்னிரண்டு வருடம் இருந்து திரும்பியவர். பின்னால் ஐந்து பேர். இறகும் வேல்கம்புமாக வருவார்கள் என்று எபிசன் எதிர்பார்த்திருந்தான். வந்தவர்கள் ஜீன்ஸ் போட்டிருந்தார்கள். அவர்களுக்குத் தலைவி, அறுபது வயது மதிக்கத்தக்க ஒரு குள்ளமான அம்மாள். முகச்சாயலைப் பார்த்தால் எபிசனுக்கு, மஸ்கட்டில் தன்னோடு வேலை பார்த்த பிலிப்பைன்ஸ்காரர்கள் போல இருந்தது.

"கமுஸ்தா!" என்றான், நலமா என்பதற்கு அவர்களிடம் கற்ற ஒரே வார்த்தையை.

அம்மாள் முகம் மலர்ந்து படபடவென்று ஏதோ பொழிந்தாள். பிலிப்பைன்ஸேதான் என்று எபிசன் முடிவு கட்டிவிட்டான்.

அம்பு விடும் இடத்தில் அம்பு இல்லை. ஆகவே வேலிக்குப் பின்னால் இருந்த ரப்பர் மரத்தடிக்குக் கூட்டிப்போனான். சுயம்புராஜ் கத்தியோடு விறைத்து நின்றான்.

"எங்கள் மலைமக்கள் ஆதிகாலம் தொட்டே இந்த மரத்தின் பாலை..." என்று எபிசன் தொடங்கினான்.

சிஸ்டர் அவனை ஒரு பார்வை பார்த்துவிட்டு மொழிபெயர்த்தார். ஐந்து பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அம்மாள் மரப்பட்டையில் காய்ந்திருந்த ஒட்டுப்பாலை உரித்து, உள்ளங்கையில் உருட்டிப் பந்தாக்கித் தரையில் அடித்தாள். பந்து துள்ளியது. கூட வந்த ஆண்கள் அதைப் பிடிக்க ஓடினார்கள்.

"நம்ம பிழைப்பு இவங்களுக்குப் பந்து விளையாட்டாப் போச்சு" என்று சுயம்புராஜ் முணுமுணுத்தான்.

"என்ன சொல்லுதாங்க சிஸ்டர்?"

"எல்லாம் பாத்துட்டுக் கடைசியில சொல்லுவாங்களாம். நீ நட."

கடைசியில் சொல்வார்கள் என்றால் நல்லதாக இருக்காது. மஸ்கட்டில் அவனைக் கடைசியில் கூப்பிட்டுச் சொன்னதெல்லாம் அப்படித்தான்.

சமையற்கட்டில் சொர்ணம்மாள் மரச்சீனி என்கிற மரவள்ளிக்கிழங்கைத் தோல் சீவிக்கொண்டிருந்தாள். வெளிநாட்டு அம்மாள் சற்று நேரம் பொறுத்துப் பார்த்தாள். பிறகு கத்தியைச் சொர்ணம்மாள் கையிலிருந்து வாங்கி, நெடுக ஒரு கீறல் போட்டு, பெருவிரலால் நெம்பி, முழுத்தோலையும் ஒரே சுற்றில் சட்டை கழற்றுவதுபோல் கழற்றி வைத்தாள்.

சொர்ணம்மாளின் முகம் சிவந்தது. "ஏ எபிசா! மரச்சீனி உரிக்க எனக்கு இவ படிப்பிக்காளா? நான் பல்லு முளைச்ச நாள்ல இருந்து உரிக்கேன்."

"அக்கா, பைய. மார்க் போடுதாங்க."

அவித்த கிழங்கோடு அரைத்த காந்தாரி மிளகாயை வைத்தார்கள். காரத்தில் திணறட்டும், பேச்சு குறையும் என்று எபிசன் நினைத்தான். அம்மாள் அரைத்ததை விட்டுவிட்டு முழு மிளகாயாக ஆறை எடுத்து மென்றாள். கண் கலங்கவில்லை. மேலும் கேட்டாள். ஒருவன் நோட்டில் ஏதோ எழுதிக்கொண்டான்.

மருந்துக் குடிலின் சாவி மல்லன் காணியிடம் மலையில் இருந்தது. பூட்டிய கதவின் முன் நின்ற எபிசன், பக்கத்தில் காய்த்துத் தொங்கிய கொல்லாமரத்தை, அந்த முந்திரி மரத்தைக் கண்டான். பழத்தைக் கிள்ளி எறிந்துவிட்டுக் கொட்டையைச் சுட்டுக் கொடுக்கும்படி சுயம்புராஜிடம் கண்ணைக் காட்டினான்.

அம்மாள் ஓடிப்போய், எறிந்த பழங்களைப் பொறுக்கிச் சட்டை முனையில் ஏந்திக்கொண்டாள். ஒன்றைப் பிழிந்து சாற்றைக் குடித்தாள். சுயம்புராஜைப் பார்த்துச் சத்தம் போட்டாள்.

"கொட்டையை விட்டுட்டுப் பழத்தைத் திங்குது. போதாக்குறைக்கு நமக்கு ஏச்சு வேற" என்றான் சுயம்புராஜ்.

நோட்டுக்காரன் இரண்டு பக்கம் எழுதினான்.

இனி மேடை ஒன்றுதான் பாக்கி. அதில் பலகை மட்டும் இருந்தது: கொடுதி, பதினொரு மணி. வெறும் மேடையைக் காட்டுவது எப்படி என்று எபிசன் சமையற்கட்டுக்கு ஓடி, இருந்த ஒரே அன்னாசிப் பழத்தைத் தூக்கி வந்து நடுவில் வைத்து, கும்பிட்டு நின்றான். ஞாயிறு தவறாமல் சபைக்குப் போகிறவன். அன்னாசிக்குக் கும்பிடுவது அதுதான் முதல் தடவை.

காந்தாரிக்குக் கலங்காத கண் அன்னாசிக்குக் கலங்கியது. அம்மாள் மேடைப் படியில் உட்கார்ந்து, வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். மற்ற நாலு பேரும் தொப்பியைக் கழற்றினார்கள்.

அந்த நேரம் பார்த்துத் தாணுலிங்கத்தின் கார் வந்து நின்றது.

"ஏலே எபிசா! வந்தவங்களை அழ வச்சா அனுப்புத?"

எபிசனுக்கு அத்தோடு முடிந்துபோனது. மஸ்கட் வெயில் அவன் பிடரியில் இப்போதே அடித்தது. மகள் கதவோரம் நின்று 'அங்கிள் டாட்டா' என்று கை காட்டுவது கண்ணுக்குத் தெரிந்தது.

"சிஸ்டர், உள்ளதைச் சொல்லிருங்க" என்றான். "காணிக்காரங்க யாரும் இன்னைக்கு வரல்ல. நான் காட்டினது ஒண்ணும் அவங்களுக்குள்ளது இல்ல. எங்க தோட்டத்து ரப்பர், எங்க அடுக்களை மரச்சீனி, எங்க ஊருக் கொல்லாமரம். எல்லாம் எங்க சொந்தச் சாமான். பொய் சொன்னது நான். முதலாளிக்கும் மல்லன் அண்ணனுக்கும் இதுல பங்கு இல்ல."

"லேய்!" என்று தாணுலிங்கம் பல்லைக் கடித்தார்.

சிஸ்டர் மொழிபெயர்த்தார். 'எங்க சொந்தச் சாமான்' என்ற இடம் வந்ததும் நோட்டுக்காரன் பேனாவைக் கீழே போட்டான். அம்மாள் அழுகையை நிறுத்தினாள். எபிசனை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு இடுப்பில் கையை ஊன்றிக்கொண்டு சிரிக்க ஆரம்பித்தாள்; கண்ணீர் வழிய, மூச்சு வாங்கச் சிரித்தாள். சிரித்து முடித்து, எபிசனின் தலையில் கை வைத்து, நிதானமாக நாலு வார்த்தை சொன்னாள்.

"சிஸ்டர், கடைசியா கேக்கேன். என்னதான் சொல்லுதாங்க?"

விக்டோரியா சிஸ்டர் கைக்குட்டையால் தன் கண்ணையும் துடைத்துக்கொண்டார்.

"சான்று உண்டு மக்கா, ஆனா போர்டுல பேரை மாத்தணுமாம், ரப்பரு, மரச்சீனி, காந்தாரி, கொல்லாம்பழம், அன்னாசி அஞ்சும் பிரேசில்ல இவங்க காட்டுல இருந்து கப்பலேறிப் போனதாம், தங்களோட குலத்துக்குக் கடல் கடந்து இப்படி ஒரு மியூசியம் கட்டி வச்சுக் கும்பிட்டுக்கிட்டு இருப்பாங்கன்னு கனவுலயும் நெனக்கல்லியாம்."