பிரிக்காத படப்பெட்டிக்கு ஓர் அர்ச்சனை

சினிமாவில் ஒருத்தி சாகாமல் இருக்கவேண்டும் என்று கோயிலுக்குப் போய் அர்ச்சனை செய்த மனிதர் இந்தப் பூலோகத்தில் எங்கள் ஆப்பரேட்டர் ஒருவர்தான். அவருக்குச் சொந்தப் பெயர் என்று ஒன்று இருந்திருக்கும். நாங்கள் யாரும் கேட்டதில்லை.

எழுபதுகளில் காஞ்சிபுரத்தில் சில பேர் சேர்ந்து ஒரு திரைப்படச் சங்கம் நடத்தினோம். பிள்ளையார்பாளையத்தில் ஒரு பள்ளிக்கூட ஹால், ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம். தறிச் சத்தம் ஓய்ந்த தெருவில் எங்கள் புரொஜக்டர் மட்டும் முனகிக்கொண்டிருக்கும். ஆப்பரேட்டருக்குத் திரையில் விழுவதெல்லாம் நிஜம். "அந்தாண்ட போம்மா, அவன் வந்துக்கினு இருக்கான்!" என்று மெஷின் பக்கத்திலிருந்து கதாநாயகியை எச்சரிப்பார்.

ஒருமுறை ஆப்பிரிக்கப் படம் ஒன்று வந்தது. துறைமுகத்தில் மூட்டை தூக்கும் பெண், கூலி கேட்டு அடிபட்டுச் சாகிறாள். அதிகம் பேசாமல் கண்ணாலேயே நடிக்கும் நடிகை. ஆப்பரேட்டர் மறுநாள் சோற்றைத் தொடவில்லை. அடுத்த வருஷம் அதே நடிகை சுரங்க முதலாளிக்கு எதிராகக் கொடி பிடித்துக் குண்டடிபட்டுச் செத்தாள். ஆப்பரேட்டர் விறுவிறுவென்று எங்கள் செயலாளரிடம் வந்தார். செயலாளர் கல்லூரிப் பேராசிரியர்.

"இன்னா சார், இந்தப் பொண்ண படத்துக்குப் படம் சாவடிச்சிக்கினே இருக்கானுங்க?"

"சமூக உணர்வுள்ள படம்பா. அவ செத்தாத்தான் நமக்கு உறைக்கும்."

"நமக்கு உறைக்கணும்னு அவ எத்தினி வாட்டி சார் சாவணும்?"

எதற்கும் மேற்கோள் வைத்திருக்கும் பேராசிரியர் மூக்குக்கண்ணாடியைத் துடைக்க ஆரம்பித்தார்.

மூன்றாவது படம் வந்தது. கூடவே வந்த நோட்டீஸின்படி அதில் அவள் வேலைநிறுத்தம் செய்யும் சலவைக்காரி. வழக்கமாக முந்தின நாளே ஓட்டிப் பார்க்கிற ஆப்பரேட்டர், இந்தத் தடவை ஞாயிற்றுக்கிழமை காலையில் பெட்டியைப் பிரிக்காமலே சைக்கிள் கேரியரில் கட்டிக்கொண்டு பிள்ளையார் கோயிலுக்குப் பறந்தார். பெட்டிக்குக் கையெழுத்துப் போட்டவன் நான்; தொலைந்தால் என் தலைதான் உருளும். நானும் பின்னாலேயே ஓடினேன்.

"நட்சத்திரம்?" என்றார் குருக்கள்.

"தெரியாது சாமி."

"கோத்திரமாவது?"

"சினிமா."

குருக்கள் பெருமூச்சு விட்டார். "ஸ்வாமி பேருக்கே பண்ணிடறேன்."

"சாமிக்கு இன்னா ஆபத்து சாமி? ஆபத்து அந்தப் பொண்ணுக்குதான்!"

எனக்குப் பொறுக்கவில்லை. "யோவ், படத்த எப்பவோ எடுத்து முடிச்சிட்டாங்க. இப்ப அர்ச்சனை பண்ணி இன்னா ஆவப் போவுது?"

"பொட்டி இன்னும் பிரிக்கலியே சார்" என்றார், நிதானமாக.

அன்று சாயங்காலம் கடைசி ரீலில் ஆற்றங்கரைக்குச் சிப்பாய்கள் வந்து இறங்கினார்கள். துப்பாக்கியைத் தூக்கினார்கள். அவள் நகரவில்லை. மெஷின் பக்கத்திலிருந்து ஒரு சத்தம் இல்லை. பேராசிரியர் என் தொடையை இறுக்கிப் பிடித்திருந்தார். துப்பாக்கிகள் ஒவ்வொன்றாகத் தாழ்ந்தன. அவள் துணிக்கூடையைத் தலையில் தூக்கி வைத்து, மற்றப் பெண்களோடு பாடிக்கொண்டே கரையோரம் நடந்து போனாள்.

படம் முடிந்தது. திரையில் வெறும் வெள்ளை வெளிச்சம். பிலிமின் வால் பட்பட்டென்று அடித்துக்கொண்டிருந்தது. மெஷினை நிறுத்தக்கூடத் தோன்றாமல் ஆப்பரேட்டர் தேம்பித் தேம்பி அழுதார்.

வழக்கமான கலந்துரையாடலுக்காக விளக்கைப் போட எழுந்த பேராசிரியரைக் கையைப் பிடித்து உட்கார வைத்தேன். அந்த மனுஷனுக்காக, அவள் இன்னும் கொஞ்ச தூரம் நடந்து போகட்டுமே.