அவன் மெதுவாகச் சூடாகணும்

என் உடம்பில் மூச்சு இருக்கும்வரை எங்கள் வீட்டு பெர்சிமன் பழப் புட்டிங்கின் செய்முறை என் தம்பி பெண்டாட்டி ஜெனிவாவின் கையில் சிக்கக் கூடாது. போன அக்டோபர் முதல் வாரம், காலைக் காப்பி குடித்துக்கொண்டே, நான் எடுத்த சபதம் இது.

சிரிக்காதீர்கள். நீங்கள் தெற்கு இண்டியானாவில் பிறந்தவராக இருந்தால் சிரித்திருக்க மாட்டீர்கள். கதவைச் சாத்திவிட்டு, "அப்புறம்?" என்று கேட்டிருப்பீர்கள்.

என் பெயர் வெர்ஜில் டெக்கர்ட். முப்பத்தெட்டு வருஷம் சுண்ணாம்புக்கல் குவாரியில் கல் அறுத்தவன். ஏப்ரலில் ஓய்வு கொடுத்து வீட்டுக்கு அனுப்பினார்கள். அதுவரை பகலில் என் வீடு எப்படி இருக்கும் என்றே எனக்குத் தெரியாது. பார்த்தபிறகுதான் தெரிந்தது, அது சந்தேகத்துக்குரிய இடம்.

அந்தச் செய்முறை என் அம்மா ஐடாவுடையது. சின்ன அட்டையில் பென்சிலால் எழுதியது. சாகும் முன் அதை மூத்த மருமகளான என் மனைவி லவோனிடம் கொடுத்தாள். சின்ன மருமகள் ஜெனிவாவுக்குத் தையல் மிஷின் கிடைத்தது. ஜெனிவாவுக்கு ஊசியில் நூல் கோக்கவே வராது. அடக்கம் நடந்த அன்றைக்கே ஓரகத்திகள் இருவருக்கும் முட்டிக்கொண்டது. அதோடு பத்தொன்பது வருஷம் ஆயிற்று.

அக்டோபர் கடைசி ஞாயிறு டெக்கர்ட் குடும்பம் எழுபது பேர் தேவாலயத்தின் கீழ்க்கூடத்தில் கூடுவோம். அங்கே அவர்கள் இரண்டு பேரும் பேசிக்கொள்வது இரண்டே வார்த்தை. "உப்பு." "இந்தா." லவோன் ஆறு தட்டு புட்டிங் கொண்டுவந்து வைப்பாள். கருப்பங்கட்டி நிறம், மேலே வெள்ளை வெளேரென்று க்ரீம். பத்து நிமிஷத்தில் தட்டு வழித்துத் துடைத்த மாதிரி ஆகிவிடும். ஜெனிவா மட்டும் ஒரு துண்டை எடுத்துக்கொண்டு மூலைக்குப் போய், கண்ணை மூடிக்கொண்டு மெல்லுவாள். அதற்குப் பெயர் ருசிப்பது இல்லை. உளவு.

சந்தேகத்தின் முதல் விதை துணி துவைக்கும் அறையில் விழுந்தது. உள்ளே மிஷின் கடகடவென்று ஓடுகிறது. அதற்கு நடுவே லவோனின் குரல், போனில், ரகசியமாக. நான் கதவுக்குப் பின்னால் நின்றேன்.

"அவன் மெதுவாத்தான் சூடாகணும். ஒரேயடியா முறுக்கிடாதே. கொஞ்சம் கொஞ்சமா ஏத்தணும். நல்லா சூடேறிட்டா அப்புறம் நாம கிட்டயே போக வேண்டாம். தானா வேலை முடிஞ்சுடும்... சரி ஜெ... சரி, வைக்கிறேன்."

என் அம்மாவின் அட்டையில் முதல் வரியே 'அவன் மெதுவாகச் சூடாகணும்' என்பதுதான். அவன் என்றால் புட்டிங் வேகும் அடுப்பு. கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனேன்.

"யார் போன்ல?"

"ராங் நம்பர்."

"ராங் நம்பரோட இருபது நிமிஷமா?"

"பாவம் வெர்ஜில், ரொம்ப ராங்கா இருந்தாங்க."

"ஜெ-ன்னு சொன்னியே, அது யாரு?"

"ஜெ-யா? 'சே'ன்னு சொன்னேன். சே, ராங் நம்பரான்னு."

அவள் போனபிறகு துவைக்கும் மிஷினைத் திறந்து பார்த்தேன். ஒரு கைக்குட்டைகூட இல்லை. சும்மா தண்ணீர் சுற்றிக்கொண்டிருந்தது.

மறுநாள் பக்கத்து வீட்டு ஹார்லன் வேலிமேல் சாய்ந்து நின்றான். அவன் எப்போதும் வேலிமேல் சாய்ந்துதான் நிற்பான். வேலி விழுந்தால் அவனும் விழுவான்.

"சொல்லலாமா வேண்டாமான்னு நேத்துலேர்ந்து யோசிக்கறேன்."

"சொல்லிடு. எனக்கு நெஞ்சு தாங்கும்."

"உன் வீட்டம்மாவும் ஜெனிவாவும் டோனட் கடையில ஒரே மேஜையில உட்கார்ந்திருந்தாங்க."

"சண்டை போட்டாங்களா?"

"சிரிச்சாங்க."

"எப்படிச் சிரிச்சாங்க?"

"மூக்கு வழியாக் காப்பி வர்ற மாதிரி."

"கையில அட்டை ஏதாவது?"

"இருந்துது. மெனு அட்டையாக்கூட இருக்கலாம்."

"மெனு அட்டை!" என்றேன், பல்லைக் கடித்துக்கொண்டு. டோனட் கடையில் இருப்பதே மூன்று வகை. அதற்கு யாருக்கு அட்டை வேண்டும்?

நேரே வீட்டுக்குள் போய், மாவு டப்பாவுக்குப் பின்னால் இருந்த பொத்தான் டப்பாவை எடுத்தேன். அட்டை இருந்தது. ஆனால் தலைகீழாக இருந்தது! அதை எடுத்துச் சட்டைப் பையில் போட்டு, பைக்குப் பொத்தானும் போட்டுக்கொண்டேன். திரும்பினால் லவோன் நிற்கிறாள்.

"எதுக்கு அதை எடுக்கறே?"

"பத்திரமா இருக்கட்டும்னு."

"அப்ப புட்டிங்? இன்னும் மூணு வாரந்தான் இருக்கு."

"நான் பண்றேன்."

"நீயா?" அவள் நெஞ்சில் கை வைத்துக்கொண்டாள். "ஐயோ வேண்டாம் வெர்ஜில். உனக்குத் தோள்வலி."

"குடும்ப மானத்துக்கு முன்னாடி தோள் எம்மாத்திரம்?"

"பழத்தைப் பொறுக்கணும், கழுவணும், சல்லடையில தேய்க்கணும். உன்னால ஆகாது. அட்டையைக் குடு. நானே பண்ணிக்கறேன், கெஞ்சிக் கேக்கறேன்."

கெஞ்சினாள்! முப்பத்தாறு வருஷத்தில் லவோன் கெஞ்சி நான் பார்த்ததே இல்லை. அந்த இடத்தில்தான் எனக்குச் சந்தேகம் ஊர்ஜிதம் ஆயிற்று.

"சமையலறைக்குள்ள நீ கால் வைக்கக் கூடாது," என்றேன். "இன்னிலேர்ந்து."

அவள் தலையைக் குனிந்துகொண்டு வெளியே போனாள். தோள் குலுங்கியது. அழுகிறாள் என்று நினைத்தேன்.

பெர்சிமன் பழத்தை மரத்திலிருந்து பறிக்கக் கூடாது. அதுவாக விழ வேண்டும். அதுவரை வாயில் வைத்தால் நாக்குக்குக் கம்பளிப் போர்வை போர்த்திய மாதிரி இருக்கும். விழுந்த பழத்தை மான் தின்பதற்குள் பொறுக்க வேண்டும். ஆகவே விடிந்ததும் விடியாததுமாக நான் மண்டி போட்டு, வாளியோடு, பனி ஈரத்தில் தவழ்ந்தேன். பதினேழு நாள். பெருச்சாளி மாதிரி இருக்கும் போஸம் ஒன்று தினமும் வந்து மரத்தடியில் உட்கார்ந்து என்னையே பார்த்தது. எனக்கு அதன் ஜாடையிலும் சந்தேகம். அசப்பில் ஜெனிவா.

ஹார்லன் வேலியை விட்டு நகராமலே ஒரு விதையை வாங்கிப் பிளந்து பார்த்தான். விதைக்குள் தெரியும் உருவத்தை வைத்துக் குளிர்காலம் எப்படி இருக்கும் என்று சொல்வது எங்கள் ஊர் ஜோசியம். "கரண்டி தெரியுது. இந்தக் குளிருக்குப் பனி நிறைய விழும். மண்வெட்டியைத் தீட்டி வை."

"இப்பவே முதுகு போயிடுச்சு."

"மிச்சம் இருக்கற முதுகும் போகும்னுதான் விதை சொல்லுது."

அடுத்தது சல்லடை. வீடு முழுக்கச் சல்லடை போட்டுத் தேடினேன் என்று சொல்வதற்கு வழியில்லை. தேடியதே சல்லடையைத்தான். கடைசியில் அது லவோனின் கார் டிக்கியில் கிடந்தது. கூடவே ஒரு கழுத்துத் துணி. ஊதாப்பூ போட்டது. ஜெனிவாவுடையது!

"இது எப்படி இங்க வந்துது?"

"காத்துல பறந்து வந்திருக்கும்."

"டிக்கி மூடியிருந்துதே?"

"பலமான காத்து."

பழம் நெல்லிக்காய் அளவு. அதற்குள் ஆறு விதை. சதை என்று இருப்பது ஒரு விரல் நுனி. கூம்புச் சல்லடைக்குள் போட்டு மரக்கட்டையால் தேய் தேய் என்று தேய்க்க வேண்டும். முதல் நாள் பழத்தை நான் பிழிந்தேன். இரண்டாம் நாளிலிருந்து பழம் என்னைப் பிழிந்தது. கல் அறுத்தபோதுகூட என் மணிக்கட்டு இப்படி வீங்கியதில்லை. கல்லுக்கு விதை கிடையாது.

லவோன் வாசலிலிருந்து குரல் கொடுப்பாள். "நான் கொஞ்சம் தேய்க்கட்டுமா?"

"கிட்ட வராதே!"

"அப்ப சரி. நான் சும்மா இப்படியே ஒரு சுத்து போயிட்டு வரேன்." மனம் உடைந்தவள் மாதிரி கார் சாவியை எடுத்துக்கொண்டு போவாள். சாயங்காலம் திரும்பும்போது முகம் பளபளவென்று இருக்கும். லாவெண்டர் வாசனை அடிக்கும். துக்கத்துக்கு லாவெண்டர் வாசனை உண்டா? யோசித்தேன். ஆனால் அட்டை என் சட்டைப் பையில். எங்கே வேண்டுமானாலும் போகட்டும், எதைக் கொண்டுபோய்க் கொடுக்கப் போகிறாள்?

ஒத்திகைக்கு ஒரு தட்டு செய்து அவனில் வைத்தேன். அரைமணியில், வெளியே கார் நிறுத்தும் இடத்திலிருந்து அவள் குரல்.

"சோடா உப்பு போடலை!"

"உனக்கு எப்படித் தெரியும்?"

"வாசனை சொல்லுது. மோரும் பத்தாது. நடுவுல திறந்து கிளறினியா?"

"அங்கேர்ந்து நீ எனக்கு யோசனை சொல்ல வேண்டாம்!"

அந்தத் தட்டைப் போஸத்துக்குப் போட்டேன். அது முகர்ந்து பார்த்துவிட்டு என்னைப் பார்த்தது. பிறகு போய்விட்டது. மறுபடி செய்தேன். சோடா உப்பு போட்டேன். மோர் விட்டேன். கால்மணிக்கு ஒரு தரம் திறந்து கிளறினேன். மூன்றாவது தட்டில் அம்மாவின் வீட்டு வாசனை வந்தது. உண்மையைச் சொல்கிறேன், அடுப்பு முன்னால் ஸ்டூலில் உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டேன். உடனே ஜன்னலையும் மூடினேன். வாசனையை வைத்தே யாராவது செய்முறையைக் கண்டுபிடித்துவிட்டால்?

ஞாயிற்றுக்கிழமை. ஆறு தட்டையும் நானே சுமந்து போனேன். யாரையும் தொட விடவில்லை. எழுபது பேரும் தின்றார்கள். என் பெரியப்பா மகன் எழுந்து நின்று, "இது ஐடா சித்தி கை," என்றான். கைதட்டல் வேறு. ஜெனிவா வழக்கம்போல மூலையில் கண்ணை மூடி மென்றாள். வெற்றி வீரன் மாதிரி அவளிடம் போனேன். லவோன் பக்கத்தில் நின்றாள். எனக்கு அதுவும் வசதி.

"இன்னொரு துண்டு வேணுமா ஜெனிவா? எத்தனை வேணும்னாலும் தின்னு. செய்முறை மட்டும் இந்தப் பையை விட்டு வெளிய வராது."

ஜெனிவா கண்ணைத் திறந்தாள். "மோர் ஒரு கிண்ணமா, ஒண்ணரையா?"

"சொல்ல மாட்டேன்."

"ஒண்ணரை. முட்டை மூணு. பட்டைத்தூள் அரைக் கரண்டி. அட்டையில 'அரை'ங்கற எழுத்து மேல ஐடா அத்தை காப்பிக் கறை பண்ணியிருப்பாங்க."

அவள் புட்டிங் விஷயத்தைப் புட்டுப் புட்டு வைத்தாள்.

"பதினெட்டு வருஷமா ஒரு வருஷம் அவ, ஒரு வருஷம் நான், வெர்ஜில். நீ குவாரியிலேர்ந்து வரும்போது மேஜைமேல ஆறு தட்டு இருக்கும். எந்த வீட்டு அடுப்புல வெந்துதுன்னு தட்டு சொல்லுமா?"

"ஆனா உங்க சண்டை?"

"அது ஒரு வாரம்தான் இருந்துது," என்றாள் லவோன். "உனக்கும் உன் தம்பி மெர்லுக்கும் அதைப் பத்திப் பேசறதுல அவ்வளவு சந்தோஷம். கெடுப்பானேன்னு விட்டுட்டோம்."

"இந்த வருஷம் என்னாச்சு?"

லவோன் கையை நீட்டிக் காட்டினாள். விரல் மூட்டு ஒவ்வொன்றும் புடைத்துச் சிவந்திருந்தது. சுண்டு விரல் மடங்கவே இல்லை. "மார்ச் மாசமே டாக்டர் சொல்லிட்டார், சல்லடை பக்கம் போகக் கூடாதுன்னு. எனக்கு விரல். இவளுக்கு மணிக்கட்டு."

"எங்கிட்டச் சொல்லியிருக்கலாமே?"

"ரெண்டு தடவை சொன்னேன். முதல் தடவை, 'தைலம் தடவு'ன்னே. ரெண்டாவது தடவை சொல்லி முடிக்கறதுக்குள்ள குறட்டை விட்டே. செஞ்சு குடுன்னு கேட்டா தோள்வலிம்பே. செய்யாதேன்னு சொன்னா செய்வே."

அந்த விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தேன். பதினேழு நாள் தேய்த்ததற்கே என் கை காப்பிக் கோப்பையைப் பிடிக்க மறுக்கிறது. இந்த விரல்கள் எத்தனை வருஷம் தேய்த்திருக்கும்? ஆறு தட்டுக்கும் முதல் ஆளாய்க் கை நீட்டியவன் நான்தான். ஒருநாளாவது அது எப்படி வருகிறது என்று கேட்டேனா? அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். வலிக்கும் என்று மெதுவாக. அவளும் விடவில்லை.

ஆனாலும் சந்தேகம் என்று ஒன்று இருக்கிறதே.

"அந்த போன்? 'அவன் மெதுவாத்தான் சூடாகணும்'னு செய்முறையைத்தானே சொன்னே?"

"எங்க வீட்டு அவன் போன வருஷமே பழுது," என்றாள் ஜெனிவா. "அவ சொன்னது உன்னைப் பத்தி. கதவுக்கு அடியில உன் பூட்ஸ் தெரிஞ்சுதாம்."

"அப்ப ஹார்லன்?"

"அவனுக்கு ரெண்டு தட்டு பேசியிருக்கோம். நீ நாளைக்குச் செஞ்சு குடுத்துடு."

திங்கட்கிழமை ஹார்லனுக்கு இரண்டு தட்டு செய்து கொடுத்தேன். வேலிமேல் வைத்துத் தின்றான். புதன்கிழமை காலை லவோன் காப்பியைக் கையில் கொடுத்துவிட்டு, எதையோ மறைப்பவள் மாதிரி ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு சொன்னாள்.

"வெர்ஜில், கூரை ஓரத்துல மழைத்தண்ணி ஓடற தகரம் இருக்கே, அதுக்குள்ள மட்டும் கையை விட்டுப் பாக்காதே."

"ஏன்? அதுல என்ன இருக்கு?"

"ஒண்ணுமில்லை."

நான் இனிமேலும் ஏமாறுகிற ஆள் இல்லை. இது என்ன தந்திரம், எதற்காகச் சொல்கிறாள் என்பதெல்லாம் எனக்கு அந்த நிமிஷமே விளங்கிவிட்டது.

சாயங்காலத்துக்குள் நான்கு வாளி இலை அள்ளினேன். அவள் சொன்னது உண்மைதான், வேறு ஒன்றுமில்லை.