சீர் அரிசி போன வழி

சேசு மரி சூசை துணை

குமுளி,
1974, தை மாதம்

என் மதிப்புக்கும் பயத்துக்கும் உரிய மச்சான் அமிர்தநாதன் அவர்களுக்கு, தங்கை வீட்டுக்காரன் சுவக்கீன் கைகூப்பி எழுதுவது. இங்கு நான், உங்கள் தங்கை செபமாலை, கல்யாணப்பெண் புஷ்பமேரி, போன வாரம் கன்று போட்ட பசு எல்லோரும் ஆண்டவர் புண்ணியத்தில் சுகம். கம்பத்தில் தாங்களும் மதலேனம்மாள் அக்காவும் சுகமாயிருக்க மாதாவை மன்றாடுகிறோம். இதைத் தயவுசெய்து உட்கார்ந்து படிக்கவும். பாதியில் எழுந்து சட்டை மாட்ட வேண்டாம்.

மச்சான், தாய்மாமன் வயலில் விளைந்த சீர் அரிசி முதலில் உலையில் விழுந்தால்தான் கல்யாணச் சோறு என்பது நம் குடும்ப வழக்கம். விழாவிட்டால் தாய்மாமன் பந்தலை மிதிக்க மாட்டார் என்பதும் வழக்கம். அதனால்தான் நீங்கள் அளந்து கொடுத்த அரிசியை அக்கா துணிப்பையில் போட்டுத் தைத்து என் இடுப்பில் சுற்றிக் கட்டிவிட்டார்கள். அரிசி மலையேறி மாநில எல்லையைத் தாண்டினால் செக்போஸ்டில் பிடித்துக்கொள்வார்கள் என்று உங்களுக்கே தெரியும். ஆகவே பாதி மலையில் பஸ்ஸை விட்டிறங்கி விறகுக்காரர்களின் ஒற்றையடிப்பாதையில் ஏறினேன். மூடுபனி இறங்கியது. நான் அதுவரை பார்த்தேயிராத இரண்டு பாறைகள், நடுவில் ஆள் நுழையும் இடுக்கு. நுழைந்தேன். அந்தப் பக்கம் புல் நீலமாக இருந்தது. வானத்தில் ஒரு சூரியன் போதாதென்று பக்கத்தில் குட்டிச் சூரியன் ஒன்று. இது வேறு உலகம் என்று அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும். ஆனால் பாதைக்குக் குறுக்கே ஒரு மூங்கில் கம்பு கட்டியிருந்தது, மச்சான். குறுக்கே கம்பைப் பார்த்த குமுளிக்காரனுக்குச் சூரியனா கண்ணில் படும்? வயிற்றை எக்கிக்கொண்டு சட்டைப் பித்தானைப் போட்டேன்.

கம்புக்குக் காவல் நின்றவர் திரும்பினார். சாட்சாத் நீங்கள்! அதே மீசை, அதே தொந்தி, புருவத்தில் அதே தழும்பு, பேச்சுகூடக் கம்பம் பேச்சு. ஒரே வித்தியாசம், அவர் சிரித்தார்.

“என்னய்யா கொண்டு வாரீக?”

“ஒண்ணுமில்லீங்க சார். வெறும் ஆளுதான்.”

“நெசமாவா? ஒண்ணுமேவா?”

“மாதா சத்தியமா ஒண்ணுமில்ல சார்.”

அவர் பொலபொலவென்று அழுதுவிட்டார். பிறகுதான் விவரம் தெரிந்தது. அந்த இடுக்கு வழியாக வருகிறவர்கள் எல்லோரும் வைரம், வாள், மந்திரக்கோல் என்று எதையாவது தூக்கிக்கொண்டு வருவார்களாம். ஒன்றுமே கொண்டுவராதவனுக்குத்தான் ராஜ்யம் என்று அங்கே காலங்காலமாகக் காத்திருக்கிறார்களாம். ஊரே திரண்டு என்னைத் தோளில் தூக்கியது. தூக்கிய வேகத்தில் அக்கா போட்ட தையல் விட்டு அரிசி ஒழுக ஆரம்பித்தது. அரிசியையே கண்டிராத ஜனங்கள் ஒவ்வொரு மணியாகப் பொறுக்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, “ஒண்ணுமில்லாத ஆளுகிட்ட இருந்து எம்புட்டுக் கொட்டுது பாருங்களேன்!” என்று மலைத்தார்கள். உண்மையைச் சொல்லித் தொலைத்திருக்கலாமே என்பீர்கள். செக்போஸ்டில் ஒரு தடவை இல்லை என்று சொல்லிவிட்டுப் பிறகு உண்டு என்று சொன்ன ஆள் நம் பக்கத்தில் யாராவது இருக்கிறார்களா, மச்சான்?

சிம்மாசனத்தில் உட்காரவைத்தார்கள். மெத்தை போட்டது, நன்றாகத்தான் இருந்தது. மகள் கல்யாணத்தை வைத்துக்கொண்டு எத்தனை நேரம் உட்காருவது? போகவேண்டும் என்றேன். காவல்காரரே கம்பு வரை கூட வந்தார். வழியெல்லாம் தாய்மாமன் என்றால் என்ன என்று விசாரித்தார். பெண்ணைக் கைபிடித்துக் கோவிலுக்குள் கூட்டிப்போவது, பந்தியில் முதல் இலையில் உட்காருவது, எதற்காவது கோபித்துக்கொள்வது என்று எல்லாவற்றையும் விளக்கினேன். “எனக்குத் தங்கச்சியே இல்லய்யா” என்று பெருமூச்சு விட்டார்.

வீட்டுக்கு வந்து பையை உதறினால் ஒரு மணி இல்லை. செபமாலை முழுக்கதையும் கேட்டாள். “எங்கண்ணனுக்கு நீங்களே எழுதுங்க, எனக்கு அடுப்பு வேலை கெடக்கு” என்று போய்விட்டாள்.

மச்சான், அரிசி போனதற்கு என்னை எவ்வளவு வேண்டுமானாலும் திட்டுங்கள். ராஜ்யத்தை விட்டுவந்ததில் எனக்குத் துளி வருத்தமில்லை. மாப்பிள்ளை இன்னாசிராஜ் தங்கமான பையன், ஏலக்காய் ஸ்டோரில் அவனைக் குறைசொல்ல ஆளில்லை, மனது நிறைந்திருக்கிறது. நீங்கள் வராமல் இருந்துவிடுவீர்களோ என்ற பயம் ஒன்றுதான். புஷ்பத்துக்குச் சின்ன வயதில் காய்ச்சல் முற்றியபோது கொட்டுகிற மழையில் அவளைத் தோளில் போட்டுக்கொண்டு மலையிறங்கியவர் நீங்கள். வேறொரு கையைப் பிடித்துக்கொண்டு அவள் பீடத்துக்குப் போவதில் எனக்குச் சம்மதமில்லை. நீங்கள் இல்லாமல் கல்யாணமும் இல்லை. காலில் விழுந்து கேட்கிறேன்.

அக்காவுக்குத் தோத்திரம். பிள்ளைகளின் நெற்றியில் என் பேரைச் சொல்லி ஒரு சிலுவை போடவும்.

இப்படிக்கு,
உங்கள் கோபத்துக்குக் காத்திருக்கும்
சுவக்கீன்

பி.கு.: கடிதத்தை ஒட்டப்போகும்போது வாசலில் சத்தம். பார்த்தால் கம்புக்காரர், தலையில் ஒரு மூட்டை அரிசியுடன்! நான் சிந்தியதை விதைத்து, இரண்டு சூரியன் வெயிலில் இதற்குள் அறுவடையும் முடித்துவிட்டார்களாம். புழுங்கலரிசி எப்படி முளைக்கும் என்று என்னைக் கேட்காதீர்கள். செக்போஸ்ட் வழியாகவே வந்திருக்கிறார். என்ன மூட்டை என்று கேட்டதற்கு அரிசி என்றாராம். அரிசி கொண்டுவருகிறவன் அரிசி என்றா சொல்வான் என்று சிரித்து அனுப்பிவிட்டார்களாம். செபமாலை அவரைக் கண்டதும் “அண்ணே, எப்ப வந்தீக?” என்று காபி கொடுத்துவிட்டாள். சர்க்கரை குறைவுதான், மனிதர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. இப்போது புஷ்பம் அவர் கையைப் பிடித்துக்கொண்டு முற்றத்தில் நடந்து பழகுகிறாள். ஆகையால் மேலே நான் கெஞ்சியதையெல்லாம் தள்ளிவிடவும். தங்களுக்கு வசதிப்பட்டால் மட்டும் வரலாம், கட்டாயமில்லை. காலை முதல் பஸ்ஸில் கூட்டம் இருக்காது.