பேரனுக்கு ஒரு ரோமாபுரிப் பெயர்

பிராண்டே,
டென்மார்க்.

அன்பின் பெரியக்கா அவர்களுக்கு,

தம்பி குணசேகரம் பணிவோடு எழுதுவது. இங்கே ராசமலரும் நானும் குளிரோடு சுகம். ரொறன்ரோவில் உங்கள் முழங்கால் படி ஏற விடுகிறதா? கடவுள் உங்கள் ஆயுளை நீட்டட்டும், நாக்கை மட்டும் கொஞ்சம் சுருக்கட்டும். கோபிக்க வேண்டாம், காரணம் இருக்கிறது.

துஷாராவின் மகனுக்கு இன்னும் பெயரில்லை. இந்த நாட்டில் ஆறு மாதத்துக்குள் பதிய வேண்டும், ஐந்து முடிகிறது. ஐயர் நட்சத்திரத்துக்கு எழுத்துப் பார்த்துத் தந்தார், எண்சாத்திரக்காரர் கூட்டுத்தொகை சரிவரவில்லை என்று மேலும் இரண்டு எழுத்தைச் செருகினார், கடைசியில் 'டிலுக்சிகன்' என்று ஒன்று வந்து நின்றது. துஷாராதான் ஹோர்சன்ஸில் பெரிய வகுப்புப் பிள்ளைகளுக்கு ரோமாபுரிச் சரித்திரம் படிப்பிக்கிறவளாயிற்றே, "அப்பா, இதுக்கு என்ன கருத்து?" என்றாள். நான் ராசமலரைப் பார்த்தேன், ராசமலர் குசினிக்குள் போய்விட்டாள். மருமகன் சுஜன் எதற்கும் 'ஓகே' என்பார், அதோடு அவர் பங்கு முடிந்தது.

போன கிழமை அவளே 'சிசெரோ' என்று வைக்கப்போவதாகச் சொன்னாள். பெரிய பேச்சாளராம், வழக்கறிஞராம். எனக்கும் களைத்துவிட்டது, அக்கா. பெரிய மனுசன் பெயர்தானே என்று கோயிலில் சாப்பாட்டு வரிசையில் நின்ற அத்தனை பேருக்கும் சொல்லிவிட்டேன். பாலேந்திரா அண்ணை கைகூடக் குலுக்கினார். வீட்டுக்கு வந்த பிறகுதான் கருத்தைக் கேட்கத் தோன்றியது.

"கடலை" என்றாள்.

அந்த மனிதரின் முன்னோர் ஒருவருக்கு மூக்கு நுனியில் கடலை மாதிரி ஒன்று இருந்ததாம், அந்தப் பட்டமே பரம்பரைப் பெயராகிவிட்டதாம். கிளாடியஸ் என்றால் நொண்டியாம், கிராசஸ் என்றால் தடியனாம், இப்படியே வைத்துக்கொண்டு நாட்டையும் ஆண்டிருக்கிறார்கள். "எங்கட பூட்டன்ர மூக்கைப் பற்றி மாமி எல்லாம் சொன்னவ" என்று சிரிக்கிறாள். அக்கா, எங்கள் பாட்டனாரின் மூக்கிலிருந்த அந்தப் பாலுண்ணியை ஏன் கனடாவிலிருந்து இங்கே அனுப்பினீர்கள்? 'கடலை வீட்டுப் பொடியன்' என்று வாத்தியார்கூடக் கூப்பிட, நான் அழுதுகொண்டு வந்தது உங்களுக்குத் தெரியாதா? இங்கே காற்றாலைத் தொழிற்சாலையில் இத்தனை வருஷம் வெறும் 'குணா'வாக இருந்தேன். இனி அந்தக் கடலை பேரனின் கடவுச்சீட்டில் ஏறப்போகிறது. எனக்கு உண்மையாகவே வெட்கமாக இருக்கிறது.

ஆகவே தயவுசெய்து துஷாராவுக்கு டெலிபோன் கோல் எடுத்து, அது பக்கத்து வீட்டாரின் பட்டம், வயது போனதால் மாறிச் சொல்லிவிட்டேன் என்று சொல்லுங்கள். நீங்கள் சொன்னால் நம்புவாள். டிலுக்சிகனுக்குக் கருத்து இல்லைத்தான், ஆனால் மூக்கும் இல்லை.

அத்தானுக்கு என் வணக்கம். பிள்ளையார் உங்கள் இருவரையும் வீட்டையும் பார்த்துக்கொள்ளட்டும்.

இப்படிக்கு,
களைத்துப்போன தம்பி,
குணசேகரம்

பி.கு: கோல் எடுக்க வேண்டாம். கடிதத்தை ஒட்டப் போகும்போது பிள்ளையோடு வந்துவிட்டார்கள். அவன் ஒரே அழுகை. துஷாரா 'சிசெரோ' என்றாள், நிற்கவில்லை. சுஜன் எனக்காக 'டிலுக்சிகன்' என்றும் சொல்லிப் பார்த்தார், இன்னும் கூடியது. நான் வாங்கித் தோளில் போட்டு, ஒருவருக்கும் கேட்காமல் "என்னடா கடலை?" என்றேன். அழுகையை விட்டுவிட்டு என் மூக்கைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறான். சிசெரோவையே பதியச் சொல்லிவிட்டேன், அக்கா. வீட்டில் நான் அதைத் தமிழில் கூப்பிட்டுக்கொள்கிறேன்.