அனுமதி பெற்ற வேலைநிறுத்தம்

ஒஹாயோ மாநிலத்தில் கென்வுட் கிராஸிங் என்றொரு ஊர். அவ்வூரார் தங்கள் சரித்திரத்தின் மேல் அளவற்ற பற்றுடையவர்கள். சம்பந்தப்பட்டவர்கள் எல்லாரும் செத்துப்போயிருக்க வேண்டும், அவ்வளவுதான் நிபந்தனை.

பேராசிரியை தெல்மா ப்ரூபேக்கர் அமெரிக்கப் போராட்டங்களைப் பற்றி ஏழு புத்தகம் எழுதியவர். முதல் ஆறு புத்தகத்தைத் திரும்பியும் பார்க்காத ஊர் ஏழாவதைத் தலைமேல் வைத்துக் கூத்தாடியது. காரணம், அது 1934-இல் அதே ஊர்ச் சலவைக்கூடத்துப் பெண்கள் செய்த வேலைநிறுத்தத்தின் கதை. அவர்கள் கட்டியிருந்த நீலத் தலைத்துணி மறுபடி நாகரிகமாகிவிட்டது. வங்கி மேலாளரின் மனைவி தன் நாய்க்கும் ஒன்று கட்டிவிட்டாள்.

மாவட்டப் பாரம்பரிய அலுவலகத் தலைவர் ரோஜர் ஸ்டெங்கல் தெல்மாவை அழைத்தார்.

“மேடம், அந்த வேலைநிறுத்தத்தை ஊர் நடுவுல நடிச்சுக் காட்டப்போறோம். ஒரே ஒரு சிக்கல். கோஷத்துல ‘கூலியை உயர்த்து’ன்னு வருது.”

“அதுக்குத்தானே சார் வேலையையே நிறுத்துனாங்க?”

“வாஸ்தவம். ஆனா விழாச் செலவு நம்ம ஊர்ச் சலவை கம்பெனியோடது. அவங்க மனசு புண்படக்கூடாது பாருங்க. ‘உற்சாகத்தை உயர்த்து’ன்னு வெச்சுக்குவமா?”

தெல்மாவுக்குச் சுருக்கென்றது. ஆனால் மேடைக்குப் பக்கத்திலேயே அவருடைய புத்தகத்துக்குத் தனி மேஜை என்றும் சொல்லியிருந்தார்கள். சரித்திரம் கொஞ்சம் வளைந்தால் ஒடிந்தா போய்விடும் என்று தலையாட்டிவிட்டார்.

விழா நாளன்று எண்பது பேர் நீலத் தலைத்துணியோடு உற்சாகத்தை உயர்த்தச் சொல்லிக் கத்திக்கொண்டிருந்தார்கள். அப்போது தெருமுனையிலிருந்து இன்னும் பதினோரு பெண்கள் வந்தார்கள். இவர்கள் கூலியையே உயர்த்தச் சொன்னார்கள்.

“அடேயப்பா, என்ன தத்ரூபம்! கை வெந்த மாதிரிகூட வேஷம் போட்டிருக்காங்க பாரு!” என்று கூட்டம் கைதட்டியது.

ஸ்டெங்கல் ஓடிவந்தார். “யாரும்மா நீங்க? நடிக்கிறவங்க பட்டியல்ல இல்லையே?”

“என் பேரு யோலண்டா பிக்கெட். சலவை கம்பெனியில வேலை பாக்கறோம் சார். நீராவிக் குழாய் வெடிச்சிருச்சு. இது வேஷமில்ல.”

“போராட அனுமதிச் சீட்டு எங்கே?”

“இவங்களுக்கு மட்டும் குடுத்திருக்கீங்களே?”

“இவங்க போராடலையேம்மா, அதனாலதான் குடுத்தோம்!”

“1934-ல அந்தப் பொம்பளைங்க அனுமதி வாங்கினாங்களா?”

“இல்லை. அதான் அவங்களைப் பிடிச்சு உள்ளே போட்டாங்க. பாரம்பரியத்தை மீற நான் யாரு?” என்று ஸ்டெங்கல் போலீஸை அழைத்தார்.

யோலண்டா புத்தக மேஜைக்கு வந்தாள். “அம்மா, ‘அன்று இவ்வூரில் படித்தவர் ஒருவர்கூட வாய் திறக்கவில்லை’ன்னு எழுதியிருக்கீங்க. படிச்சு அழுதேன். இன்னைக்கு நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க.”

தெல்மா எழுந்தார். கையெழுத்துக்காக நின்ற நீண்ட வரிசையைப் பார்த்தார். பக்கத்தில் நின்ற ஸ்டெங்கலைப் பார்த்தார். தொண்டை வரை வந்தது ஒன்று. வாயிலிருந்து வந்தது வேறொன்று.

“உங்க பேரை எழுத்துக்கூட்டிச் சொல்லும்மா. நாளைக்குச் சரித்திரத்துல தப்பா வந்துடக்கூடாது.”

யோலண்டா ஒவ்வோர் எழுத்தாகச் சொல்லிவிட்டுப் போலீஸ் வண்டியில் ஏறினாள். கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது. கைதுக் காட்சிதான் விழாவிலேயே பிரமாதம் என்று எல்லாரும் ஒருமனதாகச் சொன்னார்கள்.

தெல்மா உட்கார்ந்து, வரிசையில் அடுத்தவரை நிமிர்ந்து பார்த்தார்.

“யார் பேருக்குங்க கையெழுத்துப் போடணும்?”