அர்த்தத்துக்கு நான் பொறுப்பு

எனக்குத் தமிழ் நன்றாகத் தெரியும் என்று எங்கள் வீட்டில் எல்லோரும் நம்பிய காலம் ஒன்று இருந்தது. அந்த வதந்தியைக் கிளப்பியவன் நான்தான். தமிழ்ப்பள்ளியில் ஆறாம் ஆண்டு படித்தபோது பேச்சுப் போட்டியில் மூன்றாம் பரிசு வாங்கியிருக்கிறேன். (போட்டிக்குப் பெயர் கொடுத்தது நான்கு பேர். நாலாவது பையனுக்கு அன்று காய்ச்சல்.) அந்தத் தெம்பில், குடும்ப வாட்சாப்பில் யார் வாழ்த்து அனுப்பினாலும், பிறந்தநாளோ கல்யாண நாளோ, முதலில் எழுத்துப் பிழையைச் சொல்லிவிட்டுத்தான் பதில் வாழ்த்துச் சொல்வேன். இப்படிப்பட்டவனுக்குக் கடவுள் ஒரு பெண் குழந்தையைக் கொடுத்து, பெயர் வைக்கும் பொறுப்பையும் கொடுத்தார்.

அப்போது நாங்கள் பண்டமாரானில் வாடகை வீட்டில் இருந்தோம். போர்ட் கிள்ளானில் சரக்குக் கப்பல் பத்திரங்களைச் சரிபார்ப்பது என் வேலை. அதாவது, மற்றவர்களின் தவறைக் கண்டுபிடிப்பதற்குச் சம்பளம் வாங்கிக்கொண்டிருந்தேன். என் மனைவி கஸ்தூரி பிரசவம் முடிந்து பத்தியச் சாப்பாட்டில் இருந்தாள். அவள் ஆசைப்பட்ட பெயர் மகிழினி. எனக்கு அதில் சம்மதமில்லை.

“நல்லாத்தானே இருக்கு?” என்றாள்.

“நல்லாத்தான் இருக்கு. கிளினிக்ல நர்ஸ் மகிழினின்னு கூப்பிட்டப்போ ரெண்டு அம்மா எழுந்திரிச்சாங்களே, பாத்தியா? நம்ம பிள்ளை மூணாவது ஆளா நிக்கணுமா?”

மூன்று நாள் இணையத்தில் தேடினேன். அங்கே எல்லாப் பெண் பெயர்களுக்கும் மூன்றே அர்த்தம்தான் இருந்தது: லட்சுமி, அறிவானவள், ஒளிக்கீற்று. புரியாத எழுத்துகளைக் கோத்து ஒரு பெயரைச் செய்து, கடைசியில் லட்சுமி என்று எழுதிவிடுகிறார்கள். எனக்குக் கோபம் வந்தது. தமிழில் வேர்ச்சொல்லுக்கா பஞ்சம் என்று நானே உட்கார்ந்து ஒரு பெயரை உருவாக்கினேன். மகிழ் என்பது வேர். நிலா, கலா, மாலா போல ஓர் ‘ஆ’. மகிழா.

கஸ்தூரி இரண்டு முறை சொல்லிப் பார்த்தாள். “கேட்டதே இல்லையே. இதுக்கு அர்த்தம் இருக்கா?”

“மகிழ்ச்சியானவள். அர்த்தத்துக்கு நான் பொறுப்பு.”

“பாத்துங்க. பிள்ளை வாழ்நாள் பூரா இந்தப் பேரோடதான் இருக்கணும். உங்கள நம்பித்தான் விடுறேன்,” என்றாள். அப்படிச் சொன்னவளிடம் ஓர் அகராதியைப் புரட்டிவிட்டு வருகிறேன் என்று சொல்லியிருக்கலாம். எனக்கெதற்கு அகராதி?

மறுநாளே பதிவு அலுவலகத்துக்குப் போனேன். பாரத்தில் எம், ஏ, ஜி, ஐ, எல், ஏ என்று எழுதினேன். ழகரத்துக்கு இசட்-எச் போட்டால் பிற்காலத்தில் மலாய் டீச்சர்களுக்கு வாயில் நுழையாது என்பது என் தொலைநோக்கு. கவுண்டரில் இருந்த மலாய்ப் பெண்மணி பாரத்தைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். பிறகு மெதுவாக, பிரித்து, “மாக்... கீலா?” என்று படித்தார்.

(தமிழ்நாட்டுச் சொந்தங்களுக்காகச் சொல்கிறேன்: மலாயில் மாக் என்றால் அம்மா. கீலா என்றால் பைத்தியம்.)

நானும் மலாய் பேசி வளர்ந்தவன்தான். அந்த வார்த்தை என் காதில் விழுந்தது, மண்டையில் ஏறவில்லை. அவர் மிக மரியாதையாக, “வீட்டுக்கு ஒரு போன் போட்டு இன்னொரு தடவை கேட்டுக்கொள்கிறீர்களா?” என்றார். பாவம், தமிழின் அருமை தெரியாதவர் என்று நினைத்துக்கொண்டு, வேர்ச்சொல், விகுதி, செம்மொழி என்று அவருக்கு மலாயில் ஒரு வகுப்பே எடுத்தேன். எனக்குப் பின்னால் வரிசை நீண்டுகொண்டே போனது. அவர் பெருமூச்சு விட்டுப் பிறப்புச் சான்றிதழை அச்சடித்துக் கொடுத்தார். இந்தப் பேச்சுவார்த்தையை நான் வீட்டில் சொல்லவில்லை.

முப்பதாம் நாள் பெயர் சூட்டும் விழா. கோலாலம்பூர், பெட்டாலிங் ஜெயா சொந்தங்கள் எல்லாம் எல்ஆர்டி ரயிலில் வந்து இறங்க வசதி என்று பிரிக்பீல்ட்ஸில் ஒரு வாழையிலை உணவகத்தின் மாடியைப் பிடித்திருந்தோம். ஐம்பது அறுபது பேர். கேக்கில் பெயரைத் தமிழில் எழுதச் சொல்லியிருந்தேன். பெயரை மூன்று முறை காதில் சொல்லி முடித்ததும் எல்லோரும் சாப்பிடத் தயாரானார்கள். நான் மைக்கைப் பிடித்தேன். பெயரின் பொருளும் பிறப்பும் பற்றி உரையாற்றாமல் எப்படிச் சோறு போடுவது?

கிட்டத்தட்ட கால் மணி நேரம் பேசினேன். மாமனார் இலையைத் தண்ணீர் தெளித்து இரண்டாவது முறையாகத் துடைத்தார். “இந்த நாட்டிலேயே இந்தப் பெயர் கொண்ட ஒரே பெண் என் மகள்” என்று முடித்துவிட்டு, “சந்தேகம் இருந்தால் கேட்கலாம்” என்றேன். அதைச் சொல்லாமல் உட்கார்ந்திருக்கலாம்.

கஸ்தூரியின் தங்கை தேவி எழுந்தாள். கிள்ளானில் இடைநிலைப்பள்ளித் தமிழாசிரியை. ஐந்தாம் படிவ மாணவர்களுக்கு இலக்கணம் எடுப்பவள்.

“மாமா, வாடா மலர்னா என்ன?”

“வாடாத மலர்,” என்றேன் மைக்கில்.

“செல்லாக் காசு?”

“செல்லாத காசு.” இவள் எனக்கு ஒத்து ஊதுகிறாள் என்றே நினைத்தேன்.

“ஓடாக் காடி?”

“ஓடாத காடி. நம்ம பழைய காடிதான்,” என்று சொல்லிச் சிரித்தேன். கூட்டமும் சிரித்தது. (காடி என்றால் எங்கள் ஊரில் கார்.)

“அப்போ மகிழாப் பிள்ளை?”

“மகிழாத...”

வாய் பாதியில் நின்றுவிட்டது. ஆனால் மைக் நல்ல மைக். அந்த அரைச் சொல் மாடி முழுக்கக் கேட்டது.

“ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம், மாமா. ரெண்டு மார்க் கேள்வி,” என்று சொல்லிவிட்டுத் தேவி உட்கார்ந்தாள். அவளுக்கும் சங்கடமாகத்தான் இருந்தது. மெல்ல, “சாரி க்கா,” என்றாள்.

மாமனார் தட்டுத் தடுமாறி ஒருவாறு புரிந்துகொண்டு, “அப்போ என் பேத்திக்குச் சந்தோஷமே இல்லாதவன்னா பேர் வெச்சிருக்க, மாப்பிள்ளை?” என்றார்.

“கேக்கைத்தானே மாத்தணும்? கீழ பேக்கரி இருக்கு லா,” என்று யாரோ ஆறுதல் சொன்னார்கள்.

“சர்ட்டிபிகேட் எடுத்தாச்சு,” என்றேன்.

கஸ்தூரி குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு என்னையே பார்த்தாள். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். “பதிவு ஆபீஸ்ல ஒருத்தர் கூடவா ஒண்ணும் சொல்லல?” என்று மட்டும் கேட்டாள். பொய் சொல்லத் தெம்பில்லை. கவுண்டரில் நடந்ததைச் சொன்னேன்.

அவள் அந்தப் பெயரைப் பிரித்துச் சொல்லிப் பார்த்தாள். “மாக் கீலா. இவளுக்கு அம்மா யாரு? நான்தானே?” என்றாள். “பிள்ளைக்குப் பேர் வைக்க அனுப்பினா எனக்குல்ல வெச்சிட்டு வந்திருக்கீங்க.”

மாடியே சிரிப்பில் அதிர்ந்தது. அவளும் சிரித்தாள், ஆனால் கண் நிறைந்திருந்தது. என்னை நம்பிப் பொறுப்பை விட்டவள் அவள். அன்று எனக்கு உண்மையிலேயே வெட்கமாக இருந்தது. ரசம், மோர், பாயசம் எதுவும் இறங்கவில்லை.

பெயரை மாற்ற மனுப் போட வேண்டியிருந்தது. அதற்கு, காரணம் எழுதி, சத்தியப் பிரமாணம் செய்துவைக்கும் அதிகாரி முன்னால் கையெழுத்திட வேண்டும். கஸ்தூரி, “நானும் வரேன்,” என்றாள். (இனி என்னைத் தனியே அனுப்புவாளா?) காரணம் என்ற இடத்தில் நான் மலாயில் ‘எழுத்துப் பிழை’ என்று எழுதினேன். அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார். “சரியாகத்தானே எழுதியிருக்கிறது? இது சத்தியம். உண்மையை எழுதுங்கள்,” என்றார்.

நான் பேனாவைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கஸ்தூரி பாரத்தைத் தன் பக்கம் இழுத்து, மலாயில் ஒரே வரி எழுதி, என்னிடம் தள்ளினாள். தமிழில் சொன்னால்: ‘குழந்தையின் தந்தைக்குத் தமிழ் சரியாகத் தெரியாது.’

அதிகாரி அதை உரக்கப் படித்து, “இது உண்மையா?” என்றார். உண்மைதான் என்று வலது கையை உயர்த்திச் சொல்லிவிட்டுக் கையெழுத்துப் போட்டேன். முத்திரை விழுந்தது.

மகளுக்கு இப்போது பதினொரு வயது. மகிழினி. வகுப்பில் இன்னும் இரண்டு மகிழினிகள் இருக்கிறார்கள், மூவரும் நல்ல தோழிகள். சந்தோஷமான பிள்ளை. வாட்சாப்பில் என் மைத்துனிகளும் மச்சான்களும் இஷ்டத்துக்குத் தமிழ் எழுதுகிறார்கள். போன வாரம் பொறுக்க முடியாமல், “அங்கே வல்லினம் மிகாது” என்று ஆரம்பித்தேன். நான் முடிப்பதற்குள் மகள் சோபாவிலிருந்து தலையைத் தூக்காமலேயே சொன்னாள்:

“அப்பா, நீங்க சத்தியம் பண்ணிக் கையெழுத்துப் போட்டிருக்கீங்க.”